அழகேசன் பெயரருகே எரிந்த பச்சைப் புள்ளி

பேய் இரவில்தான் வரும் என்று எண்ணுகிறவர்கள் இதை நம்ப வேண்டியதில்லை. எனக்கு நேர்ந்தது ஒரு சனிக்கிழமைப் பிற்பகல், மூன்று மணிக்கும் நான்கு மணிக்கும் இடையில். வெளியே நல்ல வெயில். இதில் ஒரு சொல்லும் புனைவில்லை. நேரங்களை அன்றே குறித்து வைத்தேன். போட்டியின் பெயரை மட்டும் மறைக்கிறேன். காரணம் படித்து முடிக்கையில் விளங்கும்.

மாங்காட்டில் மூன்றாம் மாடியில் என் வீடு. அம்பத்தூரில் ஒரு மென்பொருள் நிறுவனத்தில் இரவுப் பணி. விடிந்தபின் வந்து, குளித்து, பதிகம் ஓதி, பிறர் உழைக்கும் நேரத்தில் உறங்குவேன். அந்த வாரம் உறக்கம் கூடவில்லை. கண்ணிமைகளில் மணல் உறுத்துவதுபோல ஓர் அயர்ச்சி. மனைவி கஸ்தூரி ஆவடியில் தன் அக்காள் வீட்டுக்குப் போயிருந்தாள். வாசற்கதவை நான்தான் உட்புறம் தாழிட்டேன். வீட்டில் வேறு எவரும் இல்லை.

எனக்கு ஒரு பழக்கம் உண்டு. வயதுக்குப் பொருந்தாதது என்று கஸ்தூரி சொல்வாள். நால்வர் நால்வராக மோதும் துப்பாக்கி விளையாட்டு. அவரவர் வீட்டில் கணினிமுன் அமர்ந்து, ஹெட்போன் வழியே பேசிக்கொண்டு ஆடுவோம். ஓர் அணி கிடங்கைக் காக்கும், மற்றது தாக்கும். பாதியில் பக்கம் மாறும். பதின்மூன்று சுற்றுகளை முதலில் வென்றவருக்கு ஆட்டம். எங்கள் அணியில் எப்போது எந்தத் தந்திரத்துக்கு மாறுவது என்று சொல்வது என் வேலை. ஆட்டத்தை நேரலையில் காட்டுவார்கள் என்பதால், கேட்பவருக்கு விளங்காதிருக்கப் பூக்களின் பெயர்களை வைத்திருந்தேன். பழைய போர்ப்பாட்டுகளில் வீரர் சூடும் பூக்கள் அவை. வெட்சி என்றால் பாய்ந்து கவர். நொச்சி என்றால் உள்ளிருந்து கா. உழிஞை என்றால் சுற்றி வளை. மூன்றே பூக்கள்.

மற்ற மூவரில் கோகுல்நாத் பூந்தமல்லிக்காரன். அழகேசன் தொழிற்பேட்டையில் கடைசல் வேலை செய்பவன். மண்ணூர்பேட்டையில் ஓர் அறையில் தனியாக இருப்பவன். நிஷா ஆவடிக் குவார்ட்டர்ஸில் வளர்ந்த பெண். தந்தை பாதுகாப்புத் துறைத் தொழிற்சாலை ஊழியர். எங்கள் மூவருக்கும் இது பொழுதுபோக்கு. நிஷாவுக்கு அப்படியன்று. மாநில இறுதிக்குள் நுழைந்தால் அவளைச் சேர்த்துக்கொள்வதாகப் பெங்களூர் அணி ஒன்று சொல்லியிருந்தது. தோற்றால், மறுவாரம் அவளைப் பெண் பார்க்க வருகிறார்கள்.

இறுதிக்குள் நுழைவதற்கான அந்த ஆட்டம்தான் அன்று.

3.05க்குத் தொடங்க வேண்டும். 3.04 வரை அழகேசனைக் காணவில்லை. மூவராக ஆட விதி இடம் தராது.

"அவன் வர்லன்னா நான் செத்தேன்ணா" என்றாள் நிஷா.

அந்த நொடியில் அவன் பெயர் திரையில் ஏறியது. வணக்கம் இல்லை. கேலி இல்லை. அழைத்துப் பார்த்தேன். பதிலும் இல்லை.

"உடு மாமே," என்றான் கோகுல்நாத். "ஷிப்ட் முட்ச்சிட்டு வந்து தூங்கிகினே ஆடுவான் அவன். நீ பூவ சொல்லு புலவரே."

எங்களில் ஒருவருடைய மைக்கில் ஒலி விழுந்தால் அவர் பெயரருகே ஒரு பச்சைப் புள்ளி எரியும். அழகேசனுடைய புள்ளி எரியவில்லை.

அழகேசனைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். பிடிவாதக்காரன். கிடங்கின் வலப்புறப் பெட்டிகளுக்குப் பின்னால் போய் அமர்ந்தால் எழவே மாட்டான். ஓரிடத்தில் இருமுறை நின்றவனுக்கு மூன்றாம் முறை அங்கேயே குண்டு காத்திருக்கும் என்று நூறு முறை சொல்லியிருக்கிறேன். அன்று அவன் அந்தப் பெட்டிகளை நாடவே இல்லை. முதற்பாதி முழுதும் என் பின்னாலேயே வந்தான். நான் நின்றால் நின்றான். நான் திரும்பினால் திரும்பினான். ஒரு குண்டும் சுடவில்லை.

3.31. பாதி முடிந்தது. நான்குக்கு எட்டு என்று பின்தங்கியிருந்தோம். எழுந்து போய், மாலைப் பூசைச் சுண்டலுக்குக் கொண்டைக்கடலையைக் குக்கரில் ஏற்றிவிட்டு வந்து அமர்ந்தேன். தோற்றபின் தந்திரத்தை மாற்றுவது எவருக்கும் வரும். வென்றபின் மாற்றுவதுதான் கடினம். இனி வென்றாலும் தோற்றாலும் ஒவ்வொரு சுற்றுக்கும் மாறுவோம் என்று மூவரிடமும் சொன்னேன்.

அடுத்த சுற்றில் அழகேசன் என் பின்னால் இல்லை. எனக்கு முன்னால் இருந்தான்.

உழிஞை என்று நான் வாய் திறக்குமுன் அவன் வளைந்து போய்க்கொண்டிருந்தான். இடப்புறம் விட்டு வலப்புறம் மாறலாம் என்று எண்ணினேன்; எண்ணம் சொல்லாவதற்குள் அவன் வலப்புறத்தில் நின்றான். ஐந்து. ஆறு. ஏழு.

"இன்னா நைனா, முழிச்சிகினியா?" என்று கோகுல்நாத் கூவினான்.

3.38. ஹெட்போனில் குக்கர் கூவியது. ஒரு விசில். அழகேசன் பெயரருகே பச்சைப் புள்ளி எரிந்து அணைந்தது.

அவனும் ஏதோ சமைக்கிறான் என்று நினைத்தேன். என் காதுகளை ஹெட்போன் இறுக மூடியிருந்தது. ஐயத்தோடு ஒரு பக்கம் விலக்கினேன். என் அடுக்களையில் விசிலின் இறுதி மூச்சு அடங்கிக்கொண்டிருந்தது.

தற்செயல் என்றது மனம். அயர்ந்த மனம் எதையும் எளிதில் ஒப்புக்கொள்ளும்.

3.44. இம்முறை ஒரு காதைத் திறந்தே வைத்திருந்தேன். அடுக்களையில் விசில். ஹெட்போனிலும் விசில். ஒரே கணம். ஒரே நீளம். பச்சைப் புள்ளி.

3.47. கீழே தெருவில் பழைய இரும்பு வாங்குபவரின் ஒலிபெருக்கி. நெருங்கி வந்தது... திரும்பியது... தேய்ந்தது. அது முழுவதும் அழகேசனின் மைக்கில் கேட்டது.

மாங்காட்டிலிருந்து மண்ணூர்பேட்டை எத்தனை தொலைவு!

அப்போது நான் எழுந்திருக்க வேண்டும். எழவில்லை. ஒன்பதுக்கு ஒன்பது. நிஷா மூச்சைப் பிடித்துக்கொண்டு ஆடிக்கொண்டிருந்தாள்.

3.52. பதினொன்றுக்குப் பத்து. என் மைக்கை அணைத்தேன். அணைந்துவிட்டதா என்று இருமுறை பார்த்தேன். வழக்கமான பதிகத்தை உதட்டளவில் முணுமுணுத்தேன்.

நிஷா சிரித்தாள்.

"அழகேசன் அண்ணே, மேட்ச் நடுவுல இன்னா சாமி பாட்டு பாடிகினு கீற?"

பச்சைப் புள்ளி எரிந்துகொண்டிருந்தது.

நான் நிறுத்தினேன்.

புள்ளி அணையவில்லை.

ஹெட்போனில் என் குரல்... கடைசிச் சீரை முடித்துவிட்டு அடங்கியது. நான் பாதியில் விட்ட சீர் அது. பிறகே புள்ளி அணைந்தது.

3.58. பன்னிரண்டுக்குப் பத்து. இன்னும் ஒரு சுற்று.

அடுத்த பூவைச் சொல்ல மைக்கை மீண்டும் திறக்கப் போனேன்.

புள்ளி எரிந்தது. மெல்லிய குரல். ஆணா பெண்ணா தெரியவில்லை.

"காஞ்சி..."

"காஞ்சின்னா இன்னாண்ணா? எங்க போணும்?" என்றாள் நிஷா.

அந்தப் பூவை நான் எவருக்கும் சொல்லிக்கொடுத்ததில்லை. பழம்பாட்டுகளில் அது நிலையாமையின் பூ. எதுவும் நில்லாது, எவரும் நில்லார் என்று சொல்லும் இடத்தில் மட்டும் வருவது.

அவன் தனியே கிடங்குக்குள் நடந்தான். ஓடவில்லை. நடந்தான்.

நான்கு வெடி. எதிரணியின் நால்வரும் விழுந்தனர்.

4.01. வென்றோம்.

நிஷா அழுதாள். கோகுல்நாத் ஏதேதோ கத்தினான். நான் ஹெட்போனைக் கழற்றிவிட்டு வீடு முழுதும் தேடினேன். படுக்கையறை, குளியலறை, பரண், கட்டிலின் அடி. வாசற்கதவின் தாழ் போட்டபடியே இருந்தது.

5.20க்குக் கைப்பேசி ஒலித்தது. அழகேசன்.

"மச்சான், மன்ச்சுக்கோடா... காலைல ஒம்போது மணிலேர்ந்து எங்க ஏரியால கரண்டு கட்டு. மாசா மாசம் நிறுத்துவானுங்களே, அது. இப்பத்தான் வந்துச்சு. போனும் செத்துப் போச்சு. ஆடாமயே தோத்துட்டோமா? நிஷா இன்னா சொல்லுச்சு? அது மூஞ்சில எப்டிடா முழிப்பேன்?"

வென்றோம் என்றேன். நீதான் வென்று கொடுத்தாய் என்றேன். நான் கிண்டல் செய்வதாக எண்ணி அவன் கோபித்துக்கொண்டான். நடந்ததை முழுதும் சொன்னேன். நிஷாவுக்குச் சொல்லிவிடாதே என்று மட்டும் கேட்டுக்கொண்டு வைத்துவிட்டான்.

அன்றிரவே பெங்களூர் அணியினர் நிஷாவுக்கு எழுதிவிட்டனர். முடிவு உறுதியானதும் புறப்பட்டு வரலாம் என்று. தந்தையும் இசைந்துவிட்டார். குவார்ட்டர்ஸில் பால் பாயசம் வைத்ததாக எனக்குப் படம் அனுப்பினாள்.

ஞாயிறு காலை 11.10. கஸ்தூரி இன்னும் திரும்பவில்லை. போட்டி நடத்துபவர்களிடமிருந்து ஷோபனா என்ற பெண் பேசினார்.

"சார், ஒரு சின்ன வெரிபிகேஷன். அழகேசன் நேத்து உங்க வீட்லேர்ந்துதான் ஆடினாரா? ரெண்டு பேரோட கனெக்ஷனும் உங்க வீட்டு லைன்லயே காட்டுது."

சுவரோரம் மினுக்கிய இணையப் பெட்டியைத் திரும்பிப் பார்த்தேன்.

"அதுல தப்பில்ல சார். ஒரே வீட்லேர்ந்து ரெண்டு பேர் ஆடலாம். அவர் பேர்ல வேற யாராவது ஆடியிருந்தாத்தான் பிரச்சனை. ரிசல்ட்ட கேன்சல் பண்ணிடுவோம்."

நாள்தோறும் இறைவன் பெயரைச் சொல்லும் வாய் இது. பொய்யை அதற்குப் பழக்கியதில்லை. ஆயினும் பாயசப் பாத்திரத்தோடு நின்ற அந்தப் பெண்ணின் முகம் கண்முன் வந்தது. களைப்பாகவும் இருந்தது. மெய்யைச் சொன்னால் அதன்பின் எத்தனை சொல்ல வேண்டும்!

"ஆமாம்மா. என் வீட்டில்தான் இருந்தார்."

"இப்பவும் இருக்காரா சார்?"

"இருக்கிறார்."

இரண்டாம் பொய் எளிதாக வந்தது.

"அப்ப போன அவர்கிட்ட குடுங்க. பேர மட்டும் சொல்லச் சொல்லுங்க, ரெக்கார்ட் பண்ணிக்கிறேன்."

குளிக்கிறார் என்று சொல்லலாம். கடைக்குப் போயிருக்கிறார் என்று சொல்லலாம். எதைச் சொல்வது என்று எண்ணியபடி நின்றேன். ஐந்து நொடி இருக்கும். கைப்பேசி என் காதைவிட்டு அகலவில்லை. நான் வாய் திறக்கவில்லை. வீட்டில் ஓர் ஒலியும் இல்லை.

"ஓகே சார், பதிவாயிடுச்சு. ரிசல்ட் கன்பர்ம். அவருக்குத் தேங்க்ஸ் சொல்லிடுங்க."

"அம்மா... அவர் என்ன சொன்னார்?"

"பேர்தான் சார்." அவர் சிரித்தார். "நல்லாவே விழுந்துச்சு. உங்க குரலவிட அவர் குரல்தான் போனுக்குக் கிட்டக்க இருக்கு."