கால்பந்து என்று பெயரிட்ட டிராக்டர்

இணையத்திலிருந்து இறக்கிய கோப்பு எவ்வளவு பெரிதோ அவ்வளவு உண்மையானது என்று மக்கள் நெடுங்காலமாக நம்பிவருகிறார்கள். வில்லியனூரில் பன்னிரண்டு ஆண்டுகளாகக் கம்ப்யூட்டர் பழுது பார்ப்பவன் என்ற முறையில், இதை ஆழ்ந்த வருத்தத்தோடு மறுக்கிறேன்.

நாற்பது ஜிபி

அருள் எலக்ட்ரீஷியன். அவன் ஊர் மாதா கோயில் திருவிழாவில், தேர்பவனி நடுவில் அவன் போட்ட விளக்குகள் ஒருமுறை அணைந்துவிட்டன. இன்னொரு தடவை ஏதாவது கெட்டால் வேறு ஆள் பார்ப்பதாகப் பங்குச் சாமியார் சொல்லியிருந்தார். பேரை மீட்க, சென்ற ஆண்டுத் திருவிழாவில் திரை கட்டிக் கம்ப்யூட்டர் கால்பந்துப் போட்டி என்று நோட்டீஸ் அடித்துவிட்டான். எட்டு அணிகள் பெயர் கொடுத்தாயிற்று. விளையாட்டுதான் கையில் இல்லை.

கடையில் வாங்கு என்றேன், காதில் விழவில்லை. ஆறு வீட்டுப் போன்களின் அன்றாட டேட்டாவை இரவல் வாங்கி, ஒன்பது நாளில் நாற்பது ஜிபி இறக்கிக்கொண்டு வந்தான். திறந்து பார்த்தேன். எடை கூட்டுவதற்காக அடைத்த வெறும் பூஜ்யங்கள்.

"ஒண்ணுமே இல்லாததுக்கு நாப்பது ஜிபியாண்ணா?" என்றான் அருள்.

மனிதன்தானா?

வெள்ளிக்கிழமை வேறொரு தளம். இறக்கிய விளையாட்டைத் திறக்கக் கடவுச்சொல் வேண்டுமானால் மனிதன் என்று நிரூபிக்கச் சொன்னது. நீங்களும் எங்காவது நிரூபித்திருப்பீர்கள். அருள் தன் போன் எண்ணைக் கொடுத்தான். போதவில்லை என்றதும் மனைவியின் எண்ணையும் கொடுத்தான். கடவுச்சொல் வரவில்லை. கடன் வேண்டுமா என்று கேட்டு இருவருக்கும் அழைப்புகள் வந்தன. அவன் மனைவி ஸ்டெல்லா என் மேசைமேல் போனை வைத்தாள்.

"இவரு மனுசன்தான்னு நானே எழுதித் தரேண்ணா, இது அடிக்கிறத மட்டும் நிறுத்துங்க."

பச்சை மைதானம்

சனிக்கிழமை மூன்றாவது. பெயர் கால்பந்து, படமும் கால்பந்து. வைரஸ் இல்லை. திறந்ததும் பச்சை வெளி விரிந்தது. கிரவுண்டு வந்துவிட்டது என்று அருள் என் தோளைப் பிடித்தான். அதன் ஓரத்திலிருந்து ஒரு டிராக்டர் வந்தது. யாரோ உழவு விளையாட்டுக்குக் கால்பந்து என்று பெயர் வைத்திருந்தார்கள்.

வேறு வழியில்லை. ஞாயிறு மாலை திருவிழாத் திரையில் எட்டு அணிகளும் உழுதன. பந்து எங்கே என்று முதலில் கத்தினார்கள். பிறகு, நிலம் உள்ளவர்களும் கூலிக்குப் போனவர்களும் நாற்காலிகளை முன்னால் இழுத்துப் போட்டுக்கொண்டு வழி சொல்ல ஆரம்பித்தார்கள். நிஜ டிராக்டர் ஓட்டும் அந்தோணிதான் ஜெயிப்பான் என்றது ஊர். அவனோ நேரம் முடியும்வரை வண்டியைக் கிளப்பவே இல்லை.

"வரப்பே காணோம், எவன் நிலத்தடா நான் ஓட்றது?"

இந்த ஆண்டுத் திருவிழா நோட்டீஸின் கடைசி வரியில் ‘ஒலி, ஒளி, உழவு: அருள்’ என்று அச்சாகியிருக்கிறது.