வாசலைவிட உயரமான தெரு

பெங்களூர் லிங்கராஜபுரத்தில் நாங்கள் குடியிருந்த வீட்டின் வாசல்படிகள் ஒவ்வொன்றாகக் காணாமல் போயின. நான் மிகச் சிறியவளாக இருந்தபோது தெருவிலிருந்து வீட்டுக்குள் வர அம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டு ஏற வேண்டும். பள்ளிக்கூடம் போகத் தொடங்கியபோது ஒரே ஒரு படி மிச்சம் இருந்தது. பிறகு அதுவும் போய், தெருவிலிருந்து வீட்டுக்குள் இறங்க வேண்டியதாயிற்று. நான் வளர்கிறேன், அதனால் படிகள் குறைகின்றன என்று நினைத்துக்கொண்டேன். அந்த வயதுக்கு அது ஒன்றும் மோசமான யோசனை இல்லை.

உண்மையில் வளர்ந்தது தெரு. தேர்தல் நெருங்கும்போதெல்லாம் எங்கள் தெருவுக்குப் புதிய தார் வரும். பழையதைச் சுரண்டி எடுக்காமல் அதன் தலையிலேயே ஜல்லியைக் கொட்டி, ரோலரை ஓட்டிவிட்டுப் போய்விடுவார்கள். ஓரத்தில் வழிகிற தார், சாக்கடையின் வாய்களையும் சேர்த்து மூடிவிடும். எனக்கு ரோலர் என்றால் உயிர். அது வருகிற நாளில் சோறுகூட வேண்டாம்.

மழைத்தண்ணீர் இறங்க வேறு இடம் இல்லாததால் எங்கள் வீட்டுக்குள் இறங்கியது. அப்பா வாசலுக்குக் குறுக்கே சிமெண்டில் ஒரு வரப்பு கட்டினார். தெரு உயர உயர வரப்பையும் உயர்த்தினார். அவர் அரசாங்க அலுவலகம் ஒன்றில் வேலை பார்த்தவர். யாரையும் எதிர்த்துக் கேட்பதைவிட, வருவதற்குத் தகுந்தாற்போல் கட்டிக்கொள்வதில் நம்பிக்கை உள்ளவர். கடைசியில் அம்மா புடவையைத் தூக்கிக்கொண்டு வரப்பைத் தாண்டித்தான் பால் வாங்கப் போனாள்.

முன்னறையில் அத்தையின் தையல் கடை இருந்தது. அத்தை அப்பாவின் தங்கை. கல்யாணம் வேண்டாம் என்று சொல்லிவிட்டு எங்களோடேயே இருந்தாள். பக்கத்துப் பள்ளிக்கூடத்துக்குச் சீருடை தைத்துக் கொடுப்பதுதான் அவளுடைய முக்கியமான வருமானம். இரண்டு பெண்களை வேலைக்கும் வைத்திருந்தாள். ஒரு மே மாதம், பள்ளி திறப்பதற்குக் கொஞ்சம் முன்னால் பெய்த மழையில் சாக்கடைத் தண்ணீர் வரப்பைத் தாண்டி உள்ளே வந்தது. தைத்து அடுக்கி வைத்திருந்த வெள்ளைச் சட்டைகள் காப்பி நிறமாகிவிட்டன. எத்தனை முறை துவைத்தும் நாற்றம் போகவில்லை. பள்ளிக்கூடம் பாதி ஆர்டரை வேறு இடத்துக்குக் கொடுத்துவிட்டது. அந்த இரண்டு பெண்களையும் அத்தை நிறுத்த வேண்டியதாயிற்று. அவர்களில் ஒருத்தியின் மகன் என் வகுப்புதான். ஃபீஸ் கட்ட முடியாமல் அவன் பள்ளிக்கூடத்தை விட்டே நின்றுபோனான். அவனுடைய பெஞ்சில் இடம் கிடைத்ததே என்று நான் சந்தோஷப்பட்டேன்.

"இன்னொரு தடவை தண்ணி உள்ள வந்தா மெஷினை எல்லாம் வித்துட வேண்டியதுதான்" என்று அத்தை ஒரு நாள் சாப்பிடும்போது சொன்னாள்.

அப்பா தட்டைப் பார்த்தபடியே பதில் சொன்னார். "பழைய ரோட்டைச் சுரண்டி எடுக்கறதுக்கும் சேத்துத்தாம்மா பில் பாஸ் ஆகுது. சுரண்டறதில்லை, அவ்வளவுதான். மேல இருந்து கீழ வரைக்கும் அவங்கவங்க பங்கு போயிடும்."

குழம்பில் உப்பு குறைவு என்று சொல்வதைப் போல அதைச் சொன்னார். அத்தை பிசைந்துகொண்டிருந்த கையை நிறுத்தினாள்.

"இது எல்லாருக்கும் தெரியுமா அண்ணா?"

"தெரியாம என்ன."

அத்தை மீதிச் சோற்றை மெதுவாகச் சாப்பிட்டு முடித்தாள்.

அடுத்த முறை தார் வந்தபோது வழக்கம்போல் பூஜை நடந்தது. பெங்களூரில் எந்த ரோடு வேலைக்கும் முன்னால் குத்தலி பூஜை உண்டு. குத்தலி என்பது வேறொன்றுமில்லை, தரை தோண்டுகிற நம் குந்தாலிதான். அதற்கு மஞ்சள் குங்குமம் வைத்து, பூச்சுற்றி, வார்டு கவுன்சிலரான கார்ப்பரேட்டர் கையில் கொடுப்பார்கள். அவர் தரைக்கு வலிக்காதபடி ஒரு போடு போடுவார். போட்டோ எடுப்பார்கள். பிறகு தெருப் பெரியவர்கள் ஆளுக்கு ஒரு போடு. அதோடு குந்தாலியின் வேலை முடிந்தது, எல்லோருக்கும் லட்டு. எங்களுடையது தெருவின் முதல் வீடு என்பதால் பூஜை எங்கள் வாசலில்தான் நடக்கும். ஆரத்தித் தட்டும் எங்களுடையதுதான்.

அன்றைக்குப் பெண்கள் சார்பில் அத்தையைக் கூப்பிட்டார்கள். அவள் குந்தாலியை வாங்கி ஒரு போடு போட்டாள். கைதட்டினார்கள். இன்னொரு போடு போட்டாள். சிரித்தார்கள். அவள் புடவைத் தலைப்பை இடுப்பில் செருகியபோதுதான் சிரிப்பு நின்றது.

காண்டிராக்டரின் ஆள் ஓடிவந்தான். "அக்கா, போட்டோ ஆயிடுச்சு. குடுங்க."

"போட்டோ உங்களுக்கு ஆச்சு. ரோடு எங்களுக்கு இன்னும் ஆகலையே" என்றாள் அத்தை. "தோண்டறதுக்குத்தானப்பா பூஜை? நீங்க தோண்ட மாட்டீங்க, நான் தோண்டறேன்."

கார்ப்பரேட்டர் கன்னடத்தில் பொறுமையாக ஏதோ சொன்னார். அத்தையும் கன்னடத்திலேயே, அதைவிடப் பொறுமையாக, சுரண்டுவதற்கும் சேர்த்துத்தானே பில் போடுகிறீர்கள் என்று கேட்டாள். கார்ப்பரேட்டர் காரில் ஏறிப் போய்விட்டார். அப்பா லட்டுப் பெட்டியைப் பிடித்துக்கொண்டு யார் முகத்தையும் பார்க்காமல் நின்றார்.

அத்தை நிறுத்தவில்லை. தார் அடுக்கு அடுக்காகப் பெயர்ந்தது; ஒரு ரோட்டுக்கு அடியில் இன்னொரு ரோடு. சாயங்காலம் கடைசி அடுக்கைப் புரட்டியபோது அடியில் சிவப்பு சிமெண்ட் தெரிந்தது. எங்கள் வீட்டின் வாசல்படி. அம்மா வந்து குனிந்து அதைத் தொட்டுப் பார்த்தாள்.

காண்டிராக்டர் ஜல்லியை அள்ளிக்கொண்டு போனான். இந்தத் தெருவுக்கு ரோடு வேண்டாமாம் என்று சொல்லிவிட்டான். தெருக்காரர்களுக்குக் கோபம் அவன்மேல் வரவில்லை, அத்தைமேல்தான் வந்தது. தைக்கக் கொடுத்த பிளவுஸ் துணிகளைத் திரும்ப வாங்கிப் போனார்கள். என்னை விளையாட்டில் சேர்க்கவில்லை. அதற்காக நானும் அத்தையைத்தான் திட்டினேன்.

"போய் ஒரு வார்த்தை மன்னிப்புக் கேட்டுடும்மா" என்றார் அப்பா.

அத்தை அதற்குப் பதிலாக ஒரு தார்க்கட்டியைத் துணிப்பையில் போட்டுக்கொண்டு வார்டு ஆபீசுக்குப் போனாள். பேக்கரியில் பன் வாங்கித் தருவாள் என்று நானும் கூடவே போனேன். இன்ஜினியர் மேஜையில் கட்டியை வைத்து, அடுக்குகளை விரலால் தடவிக் காட்டினாள். இன்ஜினியருக்குச் சலிப்பு. "மேடம், உங்களுக்கு ரோடு வேணுமா வேணாமா? அதைச் சொல்லுங்க."

"வேணும் சார். எங்க வாசலுக்குக் கீழ வேணும்."

அவள் திரும்பத் திரும்பப் போனாள். கட்டிகள் அந்த மேஜைக்கு அடியில் குவிந்தன. பன் எனக்கு அலுத்துப்போனது. அவளுக்கு அந்த ஆபீஸ் அலுக்கவில்லை.

ஒரு நாள் காலையில் எதிர்வீட்டு ஆன்ட்டி கடப்பாரையோடு வந்து நின்றாள். பிளவுஸ் துணியை முதலில் திரும்ப வாங்கியவள் அவள்தான். "எங்க படியும் உள்ளதான இருக்கும்?" என்று கேட்டாள். அத்தை உடனே அவளோடு போனாள். ஞாயிற்றுக்கிழமைக்குள் தெருவில் பாதிப்பேர் தத்தம் வாசலைத் தோண்டிக்கொண்டிருந்தார்கள். அப்பாகூட, யாரும் பார்க்காத மாதிரி, எங்கள் படியைக் கழுவிவிட்டார். முழுத் தெருவும் ஓட்டுப் போடும் தெரு என்பதால் அதற்குப் பிறகு சுரண்டுகிற இயந்திரம் தானாகவே வந்து சேர்ந்தது. சாக்கடையின் வாய்கள் திறந்தன. தெரு இறங்கியது.

புதிய ரோட்டின்மேல் முதல் பெரிய மழை ஒரு பிற்பகலில் வந்தது. எல்லோரும் வேடிக்கை பார்க்க வாசலுக்கு வந்துவிட்டார்கள். தண்ணீர் ரோட்டில் சரிந்து, சாக்கடையில் இறங்கி, சரசரவென்று கீழ்த்தெருப் பக்கம் ஓடியது. எங்கள் வீட்டுக்குள் ஒரு சொட்டு வரவில்லை. நான் குதித்துக் கைதட்டினேன். எதிர்வீட்டு ஆன்ட்டி அத்தையின் கையைப் பிடித்துக்கொண்டு அழுதாள். அத்தை மட்டும் ஓடுகிற தண்ணீரையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு புடவையை இழுத்துச் செருகிக்கொண்டு மழையில் இறங்கினாள்.

"எங்க போற அத்தே? அதான் தண்ணி வரலையே" என்றேன்.

"கீழ்த்தெருவுல இன்னும் ரோட்டைச் சுரண்டலைடி" என்று திரும்பாமலே சொல்லிவிட்டு நடந்தாள்.

எனக்கு எரிச்சலாக இருந்தது. இன்றைக்காவது வீட்டில் நிம்மதியாக உட்கார்ந்திருக்கக் கூடாதா என்று நினைத்தேன். எங்கள் வீட்டுக்குள் தண்ணீர் வரவில்லை என்பது மட்டும்தான் எனக்குத் தெரிந்தது. அது யாருடைய வீட்டுக்குள் போகிறது என்று கேட்க எனக்குத் தோன்றவில்லை.