பங்க் என்பதைப் பங்கு என்று எழுதியவன்

நான் மேடையில் கிட்டார் வாசித்த முதல் எட்டு மாதங்களில் என் கிட்டாரின் ஒயர் எதிலும் செருகப்பட்டிருக்கவில்லை. இது எனக்குத் தெரியாது. மூன்று கிட்டார் நின்றால் பார்ப்பதற்கு எடுப்பாக இருக்கும் என்பது எங்கள் மாஸ்டரின் எண்ணம். கேட்பதற்கு இரண்டு போதும் என்பதும் அவருடைய எண்ணம்தான். அதனால் என் ஒயரின் மறுமுனையைத் திரைக்குப் பின்னால் கொண்டுபோய் அழகாகச் சுருட்டி வைத்துவிடுவார். கச்சேரி முடிந்ததும் நான் ஒவ்வொருவராகப் பிடித்து, "இன்னைக்கு நம்ம கிட்டார் எப்படி?" என்று கேட்பேன். "சும்மா கணீர்னு இருந்துச்சு" என்பார்கள். நல்ல மனிதர்கள்.

எழுபதுகளின் சிங்கப்பூரில் எங்களைப் போன்ற மெல்லிசைக் குழுக்கள் பல இருந்தன. கல்யாணம், காதுகுத்து, சமூக நிலையத்துத் தீபாவளி விருந்து என்று எங்கே கூப்பிட்டாலும் போய்ச் சினிமாப் பாட்டு வாசிப்போம். எங்கள் மாஸ்டருக்கு ஆர்கன். ஞாயிறு காலை கத்தோலிக்கக் கோவிலில் பூசைக்கு வாசிப்பார், மாலை கல்யாணத்துக்கு வாசிப்பார். இரண்டுக்கும் ஒரே முகம். எந்தப் பாட்டின் நாலு வார்த்தையைக் கேட்டாலும் என்ன படம், யார் குரல் என்று சொல்லிவிடுவார். அவர் தப்பாகச் சொல்லி நான் கேட்டதில்லை.

குழுவின் பெருமை எங்கள் பாடகன்தான். மதராஸில் புகழ்பெற்றிருந்த ஒரு பின்னணிப் பாடகரின் குரல் அவனுக்கு அச்சாக வரும். அந்தக் குழைவு, அந்த மூச்சு, சரணத்துக்கு முன்னால் வரும் அந்தச் சின்னச் செருமல்கூட வரும். மாஸ்டர் அவனை மேடையில் அறிமுகப்படுத்தும்போது அவன் பெயரைச் சொல்வதே இல்லை. அந்தப் பாடகரின் பெயருக்கு முன்னால் 'சிங்கப்பூர்' என்று ஒட்டிவிடுவார். அவனுக்கு ஒரே ஒரு கட்டளைதான்: "மேடையில லா போடாதே. வாங்கலா, உக்காருங்கலான்னு பேசினா மதராஸ் குரல் மொத்தமும் போயிடும்." பாட்டுக்கு நடுவே வரும் லாலாலா அவருக்கு ஆட்சேபம் இல்லை. வாக்கியத்தின் முடிவில் சிங்கப்பூர்க்காரர்கள் நாங்கள் ஒட்டும் லாதான் ஆகாது.

ஒரு கல்யாணத்தில் ஒரு பெரியவர் மேடைக்கு அருகே வந்து அவனிடம், "எல்லாம் அவர் பாடினதுதானே பாடுறே. உன் குரல்ல ஒண்ணு பாடு தம்பி" என்றார். கேலியாகச் சொல்லவில்லை, ஆசையாகத்தான் கேட்டார். எங்கள் பாடகன் வாயைத் திறந்தான். ஒன்றும் வரவில்லை. மூடிவிட்டு மறுபடி திறந்தான். மாஸ்டர் சட்டென்று அடுத்த பாட்டை ஆரம்பித்து நிலைமையைக் காப்பாற்றினார்.

அன்று பஸ்ஸுக்காக நிற்கும்போது அவன் என்னிடம் சொன்னான்: "எனக்கு எந்தக் குரல்னு எனக்கே தெரியலலா."

"இப்பப் பேசுறியே, அது?"

"இது பேசுறது. பாடினா அவர் வந்துடறார்."

அந்த வாரமே அவன் குழுவை விட்டான். நட்புக்காக நானும் விட்டேன். அப்படித்தான் இதுவரை எல்லோரிடமும் சொல்லி வந்திருக்கிறேன். உண்மையில் திரைக்குப் பின்னால் சுருண்டு கிடந்த என் ஒயரை அதே வாரம்தான் பார்த்தேன். டிரம்ஸ் வாசித்தவனும் எங்களோடு வந்தான். யாழ்ப்பாணத்துக் குடும்பம், அரசாங்க அலுவலகத்தில் கிளார்க், சட்டைப்பையில் எப்போதும் இரண்டு பேனா. அவன் ஏன் வந்தான் என்று அவன் சொல்லவில்லை, நாங்களும் கேட்கவில்லை.

லண்டனில் படித்துக்கொண்டிருந்த அவனுடைய மச்சான் ஒரு கேசட் அனுப்பியிருந்தான். அதில் பாதிக்கு மேல் டிரம்ஸ்காரன் வீட்டில் யாரோ வானொலிச் செய்தியைப் பதிவு செய்திருந்தார்கள். மிச்சமிருந்ததில் ஒருவன் கத்திக்கொண்டிருந்தான், பின்னால் ஏதோ இடிந்து விழுந்துகொண்டிருந்தது. லண்டனில் புதிதாகக் கிளம்பியிருக்கும் பங்க் இசை இதுதான் என்றான் டிரம்ஸ்காரன். மூவரும் தேக்கா மார்க்கெட்டுக்கு எதிரே ஒரு காப்பிக் கடையில் உட்கார்ந்து, மேசைமேல் டேப் ரிக்கார்டரை வைத்துக் கேட்டோம். கடைக்காரர் வந்து, "மெசின் கெட்டுப் போச்சா?" என்று விசாரித்தார்.

எனக்கும் அதே சந்தேகம்தான். பாடகன் மட்டும் கண்ணை மூடிக் கேட்டுக்கொண்டிருந்தான்.

"இவனுக்குக் குரலே இல்லலா. ஆனா இவன்தான்னு தெரியுது."

இப்படித்தான் நாங்கள் மூவரும் பங்க் குழு ஆனோம்.

ஆனதும் குழப்பம் ஆரம்பித்தது. டிரம்ஸ்காரனின் மச்சான் ஒரு படமும் அனுப்பியிருந்தான். அதில் இருந்தவர்கள் சட்டை முழுக்க ஊக்குக் குத்தியிருந்தார்கள். நானும் என் சட்டையில் ஆறு ஊக்கு குத்திக்கொண்டு வீட்டுக்குள் நுழைந்தேன். அம்மா, "எல்லாத்தையும் நீதான் எடுத்து வச்சிருக்கியா? காலையிலேர்ந்து புடவைக்குத் தேடுறேன்" என்று ஆறையும் உருவித் தன் வளையலில் மாட்டிக்கொண்டார். அதில் ஏற்கெனவே நாலு தொங்கிக்கொண்டிருந்தன. அந்தக் கணக்கில் என் அம்மா என்னைவிடப் பெரிய பங்க்.

முடி இன்னொரு குழப்பம். அப்போது தபால் நிலையத்தில்கூட நீண்ட முடி வைத்த ஆண்களுக்குக் கடைசியில்தான் வேலை நடக்கும் என்று படம் போட்டு ஒட்டியிருந்தார்கள். ராக் வாசிக்கிறவன் முடி வளர்க்க வேண்டும், வளர்த்தால் ஸ்டாம்பு வாங்க முடியாது. பங்க் ஆட்களோ முடியைக் குட்டையாக வெட்டியிருந்தார்கள். அரசாங்கத்தின் பேச்சைக் கேட்டுக்கொண்டே அரசாங்கத்தை எதிர்க்கலாம் என்று எங்கள் கிளார்க் மிகவும் மகிழ்ந்தான்.

எல்லாவற்றையும்விடப் பெரிய குழப்பம், எதன்மேல் கோபப்படுவது என்பது. பங்க் என்றால் கோபம் வேண்டுமாம். ஒரு மாலை முழுவதும் யோசித்தோம்.

"எனக்குப் பெரிசா ஒண்டும் இல்லை" என்றான் டிரம்ஸ்காரன். "அலுவலகத்தில ஆர் எடுத்தாலும் என்ர பேனாவைத் திருப்பித் தாறதில்லை. அதுதான்."

பாடகன்தான் கடைசியில் சொன்னான்: "எங்க லிப்டு."

அவர்கள் வீடு ஏழாவது மாடியில். அந்த அடுக்குமாடியின், எங்கள் பேச்சில் 'புளோக்'கின், லிப்ட் ஐந்தில் நிற்கும், ஒன்பதில் நிற்கும். ஏழில் நிற்காது. ஐந்தில் இறங்கி இரண்டு மாடி ஏறலாம், அல்லது ஒன்பதுக்குப் போய் இரண்டு மாடி இறங்கலாம். அவன் அம்மாவுக்கு முட்டிவலி. ஏறினாலும் வலிக்கும், இறங்கினாலும் வலிக்கும். எது குறைவாக வலிக்கும் என்று லிப்டுக்குள் நின்று யோசிப்பதற்குள் கதவு மூடிக்கொள்ளும்.

நான் அதைப் பாட்டாக எழுதினேன். 'அஞ்சுல நிக்குது, ஒம்பதுல நிக்குது, ஏழுல நிக்கல!' அவ்வளவுதான் பல்லவி. மற்ற இருவரும் ஆங்கிலப் பள்ளியில் படித்தவர்கள், தமிழ் எழுத்துக்கூட்டித்தான் படிப்பார்கள். தமிழ்ப்பள்ளியில் படித்தவன் நான் ஒருவன்தான். ஆகவே குழுவின் கவிஞன் நான், கடிதம் எழுதுபவனும் நான். இந்த இரண்டாவது பதவியில்தான் வினை வந்தது.

வாசித்துப் பழகுவதற்கு இடம் வேண்டும். பாடகன் போகும் கோவிலில் ஒரு மண்டபம் இருந்தது, சனிக்கிழமை பிற்பகலில் சும்மா கிடந்தது. மாஸ்டர் ஆர்கன் வாசிக்கும் அதே கோவில்தான். அங்கே திருச்சிப் பக்கத்திலிருந்து புதிதாக வந்திருந்த சாமியாருக்குத் தமிழில் விண்ணப்பம் எழுதினால் பிடிக்கும் என்றார்கள். எழுத உட்கார்ந்தேன். 'பங்க்' என்று எழுதியதும் கை நின்றது. தமிழ்ச் சொல் 'க்' என்று முடியாது, பின்னால் ஓர் உகரம் வரவேண்டும் என்று வகுப்பில் படித்திருக்கிறேன். நான் உருப்படியாகப் படித்ததே அது ஒன்றுதான். பெருமையோடு 'பங்கு இசைக்குழு' என்று எழுதினேன்.

கத்தோலிக்கத் தமிழர்களுக்குப் பங்கு என்றால் ஒரு கோவிலும் அதைச் சேர்ந்த குடும்பங்களும். அவர்களை நடத்துகிறவர் பங்குச் சாமியார். இது எனக்குத் தெரியாது, நான் இந்து. தெரிந்த பாடகனோ அன்று கப்பல் பட்டறையில் வேலையில் இருந்தான். கடிதத்தோடு நான் தனியாகத்தான் போனேன்.

சாமியார் படித்துவிட்டு நிமிர்ந்தபோது அவர் முகத்தில் அப்படி ஒரு வெளிச்சம்.

"பங்கு இசைக்குழு! இந்த ஊர்ப் பிள்ளைகளுக்குப் பங்கு உணர்வே இல்லையேன்னு நேத்துகூட வருத்தப்பட்டேன். எத்தனை நாளா பங்குல இருக்கீங்க?"

"மூணு மாசமா சாமி. அதுக்கு முன்னாடி சினிமாப் பாட்டுல இருந்தோம்."

"ஓகோ! ஏன் விட்டீங்க?"

"அது ஒரே போலி வாழ்க்கை சாமி."

அவர் எழுந்து என் கையைப் பிடித்துக்கொண்டார். இவருக்குள் இப்படி ஒரு பங்க் இருக்கிறாரே என்று நான் நெகிழ்ந்து போனேன்.

"சத்தம் கொஞ்சம் அதிகமா இருக்கும் சாமி."

"இருக்கட்டும். பூசைக்கு வர்றவங்கள்ல பாதிப் பேருக்குக் காது கேக்காது."

மண்டபம் கிடைத்தது. பழகினோம். என் ஒயர் செருகப்பட்டது, டிரம்ஸ்காரன் தட்டினான், பாடகன் கத்தினான். ஆனால் அவன் எப்படிக் கத்தினாலும் அந்த மதராஸ் பாடகரே கத்துவது போல இருந்தது. 'ஏழுல நிக்கல' என்பதில் அந்தக் குழைவு வந்தது. கடைசி 'ல'வில் ஒரு கமகம்கூட விழுந்தது. லிப்ட் நிற்காததற்கு ஒருவன் இவ்வளவு இனிமையாக வருத்தப்பட்டு நான் கேட்டதில்லை. வாரா வாரம் அவன் தொண்டையைக் கெடுத்துக்கொள்ள முயன்றான். ஐஸ் தண்ணீர் குடித்தான், வறுத்த மிளகாய் தின்றான். குரல் இன்னும் மெருகேறியது.

"இதுலயும் அவர்தான் வர்றாருன்னா எனக்கு வேற வழி இல்ல. விட்டுடறேன். இனிமே பாடவே மாட்டேன்" என்றான். அவன் விளையாட்டுக்குச் சொல்கிறவன் இல்லை.

பிறகு ஒரு ஞாயிற்றுக்கிழமை, பூசை முடிந்த கையோடு எங்கள் வீட்டுக்கு ஓடிவந்தான்.

"சாமியார் பூசையில அறிவிச்சுட்டாருலா! பங்குத் திருவிழாவுல நம்ம பங்கு இசைக்குழு பாடப்போகுதாம். நீ கடிதத்துல என்ன எழுதித் தொலைச்சே?"

எழுதிக் காட்டினேன். அவன் எழுத்துக்கூட்டிப் படித்தான். பிறகு தலையில் கைவைத்து உட்கார்ந்துகொண்டு பங்கு என்றால் என்ன என்று எனக்கு விளக்கினான். மாஸ்டர் அங்கேயே ஆர்கன் பெஞ்சில் உட்கார்ந்து, "நான் இருக்கும்போது பங்குக்கு இன்னொரு குழுவா?" என்று எல்லோர் காதிலும் விழும்படி கேட்டாராம்.

சேதி கேட்டு டிரம்ஸ்காரன் வந்தான். "உமக்கென்ன விசரே?" என்று பைத்தியக்காரனைப் பார்ப்பது போல என்னைப் பார்த்துக் கேட்டுவிட்டு உடனே பேனாவை எடுத்தான். "ஒரு திருத்தக் கடிதம் எழுதிக் குடுப்பம்."

"வேணாம்" என்றான் பாடகன். "இந்த மேடையை விட்டா நமக்கு யார் தருவா? ஒரு தடவை பாடிப் பாத்துடறேன்."

திருவிழா அன்று தேர் சுற்றி வந்ததும், பிரியாணிக்கு முன்னால் எங்களுக்கு நேரம் ஒதுக்கியிருந்தார்கள். மண்டபம் நிறைந்திருந்தது. முன்வரிசையில் சாமியார், அவர் பக்கத்தில் கைகளைக் கட்டிக்கொண்டு மாஸ்டர். மூன்றாவது வரிசையில் பாடகனின் அம்மா, முட்டிக்குத் தைலம் தேய்த்த வாசனையோடு.

ஆரம்பித்தோம். சத்தத்தில் இரண்டு குழந்தைகள் அழுதன. பாடகன் வாயைத் திறந்தான். அதே மதராஸ் குரல், தேனாக வந்தது. மாஸ்டரின் முகத்தில் மெல்லச் சிரிப்புப் பரவியது. அவர் பக்கத்தில் திரும்பிச் சாமியாரிடம் அந்தப் பாடகரின் பெயரைச் சொல்வது உதட்டசைவிலேயே எங்களுக்குத் தெரிந்தது.

பாடகன் நிறுத்திவிட்டான். அவனைப் பார்த்து டிரம்ஸும் நின்றது. நான் மட்டும் வாசித்துக்கொண்டிருந்தேன், எல்லோருக்கும் கேட்கும்படி. ஒயர் செருகாத காலம் எவ்வளவு நல்ல காலம் என்று அப்போதுதான் தெரிந்தது.

பாடகன் மைக்கைப் பிடித்தபடி மாஸ்டரையே பார்த்தான்.

"ஏழாவது மாடிலா, மாஸ்டர்" என்றான். அது பேச்சுதான். "அஞ்சுல நிக்குதுலா. ஒம்பதுல நிக்குதுலா. எங்கம்மாவுக்கு முட்டி வலிலா. ஏழுல நிக்கலலா! ஏன்லா?"

டிரம்ஸ்காரனுக்கு என்ன தோன்றியதோ, ஒவ்வொரு 'லா'வுக்கும் ஓர் அடி வைத்தான். பாடகன் அந்த அடியைப் பிடித்துக்கொண்டான். பேச்சு ஏறியது. எங்கே பேச்சு முடிந்து எங்கே பாட்டு தொடங்கியது என்று இன்றுவரை எனக்குச் சொல்லத் தெரியவில்லை. கரகரப்பாக, கொஞ்சம் மூக்கிலிருந்து, கப்பல் பட்டறையில் தூரத்தில் நிற்பவனைக் கூப்பிடுவது போல ஒரு குரல். நான் அதுவரை கேட்டிராத குரல். மண்டபத்தின் பின்னாலிருந்து ஒரு பெண்மணி, "எங்க புளோக்லயும் நிக்கலலா!" என்று கத்தினார். அதன்பிறகு மண்டபமே பாடியது. கிட்டாரில் எனக்குத் தெரிந்த மூன்றே மூன்று கார்டும் மறந்துவிட்டன. யாரும் கவனிக்கவில்லை.

முடிந்ததும் சாமியார் மேடையேறிக் கண்களைத் துடைத்துக்கொண்டார். கீழேயும் இறங்க முடியாமல், மேலேயும் போக முடியாமல், மோட்சத்தின் கதவு திறக்காதா என்று தவிக்கும் ஆன்மாக்களை, அதாவது உத்தரிக்கிற ஸ்தலத்தை, இவ்வளவு எளிமையாக யாரும் பாடித் தான் கேட்டதில்லை என்றார். எல்லோரும் அந்த ஆன்மாக்களுக்காக ஒரு நிமிடம் எழுந்து நின்றார்கள். நாங்களும் தலையைக் குனிந்து நின்றோம். இதை எங்கிருந்து திருத்த ஆரம்பிப்பது என்று டிரம்ஸ்காரனுக்குக்கூடத் தெரியவில்லை.

எங்கள் குழுவின் சரித்திரம் அவ்வளவுதான். அடுத்த வருஷம் டிரம்ஸ்காரன் ஊரின் வடகோடியில் மார்சிலிங்கில் வீடு கிடைத்துப் போனான். எண்பதுகளில் பங்க் உடை போட்ட பிள்ளைகளைத் தெருவில் பார்க்கும்போதெல்லாம், நாங்களும் ஒரு காலத்தில் அதுதான் என்று சொல்ல வாயெடுப்பேன். ஆனால் எந்தப் பங்கு என்று எனக்கே தெளிவாகத் தெரியாததால் பேசாமல் நடந்துவிடுவேன்.

அந்தத் திருவிழா அன்று மேடைக்குப் பின்னால் ஒயர்களைச் சுருட்டிக்கொண்டிருந்தபோது மாஸ்டர் வந்தார். திட்டுவார் என்று நினைத்து நான் ஸ்பீக்கருக்குப் பின்னால் நகர்ந்தேன். அவர் என்னைப் பார்க்கவே இல்லை. எதையோ ஞாபகப்படுத்திக்கொள்ள முடியாதவர் போல நெற்றியைத் தேய்த்தபடி பாடகன் எதிரில் நின்றார்.

"டேய், ரெண்டாவது பாடினியே, அது யாரோட குரல்டா? யோசிச்சு யோசிச்சுப் பாக்கறேன், பிடிபடல."

பாடகன் கையிலிருந்த ஒயரைக் கீழே வைத்தான்.

"என்ன படம்? அதையாவது சொல்லு."

"படம் இல்ல மாஸ்டர்" என்றான் அவன். "எங்க புளோக்லா."