சங்கரன் வாசிக்காமல் விட்ட பெயர்

சானலிலிருந்து போன் வந்தபோது கரமனை மார்க்கெட்டில் சேனைக்கிழங்குக்குப் பேரம் பேசிக்கொண்டிருந்தேன். பேசியது நியூஸ் எடிட்டர் பிரகாசன்.

"மாமா, நம்ம சங்கரன் சார் போயிட்டார். காலை நியூஸ் முடிஞ்சு இறங்கினவர் படியிலேயே சரிஞ்சுட்டார். அவர் வைஃப் ஆஸ்பத்திரியில கூட இருக்காங்க. நாங்க இன்னும் ஒண்ணும் காட்டலை. மத்த சானல்காரங்களையும் கெஞ்சி நிறுத்தியிருக்கோம். அவரோட அம்மாகிட்ட நீங்க போய்ச் சொல்லிட்டு எனக்கு போன்ல விளிச்சா போதும்."

சங்கரன் என் அக்கா பிள்ளை. உங்களுக்கெல்லாம் அவன் குரலைத் தெரியும். அவன் ஏழு மணிச் செய்தி வாசித்த காலத்தில், "நமஸ்காரம்" என்றால் கரமனை ஆறே நின்று கேட்டுவிட்டுத்தான் ஓடும். அது எங்கள் குடும்பக் குரல். நான் மட்டும் எட்டாங்கிளாசோடு நிறுத்தாமல் இருந்திருந்தால் அந்த நாற்காலி யாருக்கு என்பதே சந்தேகம்தான்.

அக்கா டிவியை அணைப்பதே இல்லை. திரையில் பார்ப்பதற்கு முன் நான் போய்ச் சேர வேண்டும். ஆட்டோவில் ஏறினேன். பாலத்தில் ஒரே நெரிசல். அப்போது போனக்காடு ஜீப் நினைவுக்கு வந்தது.

அன்று நான் முறுக்கு டப்பாவோடு ஸ்டூடியோவில் இருந்தேன். மந்திரி என்றே நினைத்து எனக்குக் காப்பி கொடுத்தார்கள். கல்லாறுக்கு மேலே ஜீப் கவிழ்ந்து, போனக்காடு தேயிலைத் தோட்டத்துத் தமிழ்த் தொழிலாளி ஒருவர் இறந்துவிட்டார். பெயர் கைக்கு வந்தும் சங்கரன் வாசிக்கவில்லை. "வீட்டாருக்குத் தகவல் சென்ற பிறகு பெயரை அறிவிப்போம்" என்று சொல்லி அடுத்த செய்திக்குப் போய்விட்டான். மற்ற சானல்களெல்லாம் பெயரைப் போட்டுவிட்டன.

வெளியே வந்ததும் இதே பிரகாசன் பிடித்துக்கொண்டார்.

"எந்தா சாமீ, இது கல்யாணப் பத்திரிகையா, முதல்ல வீட்டுக்காரங்களுக்கு வைக்க?"

"கல்யாணத்தை டிவியில சொல்லிக்கலாம் பிரகாசா. சாவை ஆள் போய்த்தான் சொல்லணும்."

ஏழு மணி நாற்காலி அதோடு போயிற்று. காலையில் மார்க்கெட் விலை வாசிக்கப் போட்டார்கள். நான் நியாயம் கேட்கப் போய் மேஜையை ஓங்கித் தட்டினேன். வாசல் செக்யூரிட்டியின் மேஜைதான்; ஆனால் நாலாம் மாடிவரை கேட்டிருக்கும்.

சங்கரன் சிரித்தான். "விடுங்கோ மாமா. செத்தவனோட பொம்மனாட்டி அடுப்பண்டை நின்னுண்டு நியூஸ் கேட்டுண்டிருப்பா. என் வாயாலயா அவ தெரிஞ்சுக்கணும்?"

அதன் பிறகு மிளகு விலையைக்கூட மந்திரிசபை கவிழ்ந்த மாதிரி கம்பீரமாக வாசித்தான்.

ஆட்டோ நின்றது. உள்ளே டிவி ஓடிக்கொண்டிருந்தது. ஏதோ நகை விளம்பரம். அக்கா திரும்பிப் பார்த்தாள்.

"வாடா. மிளகு ஏறிடுத்தாமே, சங்கரன் சொன்னானே, கேட்டியோ?"

எதற்கும் நாலு வார்த்தை கூடவே பேசுகிறவன் நான். அன்று நேரே போய் டிவியை அணைத்தேன்.

"ஏன்டா அணைக்கறே?"

பக்கத்தில் உட்கார்ந்து கையைப் பிடித்துக்கொண்டேன். "அக்கா, நம்ம சங்கரன் போயிட்டான்."

அவள் இருட்டான திரையைப் பார்த்தாள்.

"டிவிக்காராளுக்குத் தெரியுமோ?"

"தெரியும். முதல்ல உனக்கு நான் சொல்லட்டும்னு காத்துண்டிருக்கா."

"சரி. சொல்லச் சொல்லு."

அவனைப் பற்றி நான் சொல்வதில் கொஞ்சம் முன்னே பின்னே இருக்கும். இது உள்ளபடி: ஊரறிந்த அந்த முகம் மறைந்ததைப் பற்றி, பெற்றவள் அறியும்வரை எந்தச் சானலும் வாய் திறக்கவில்லை. அவன் நினைவாக நான் வைத்துக்கொண்டிருப்பது அந்த மௌனத்தைத்தான்.