பள்ளி வேனும் ஒரு சிபாரிசுக் கடிதமும்

நியாலாஸ் தோட்டங்களிலிருந்து ஜாசினில் உள்ள பள்ளிக்குப் பிள்ளைகளை ஏற்றிப்போகும் வேன் ஓட்டினேன். அளவுக்கு மேல் ஏற்றியதாக யாரோ புகார் செய்ய, போக்குவரத்து அலுவலகத்தில் வேன் பெர்மிட்டை ரத்து செய்துவிட்டார்கள். அப்பீல் செய்யலாம் என்று அங்கே கவுண்டரில் இருந்த பெண் மலாய் மொழியில் சொன்னார். அலுவலகங்களில் எனக்கு வாய் எழாது. தலையாட்டிவிட்டு வந்தேன்.

இன்னொரு வேன்காரர், என்னைவிட இளையவர், விஷயத்தைக் கேட்டதும் சிரித்தார்.

"இதுக்கா மூஞ்சிய இப்படி வச்சிருக்கீங்க? ஒய்.பி.ய பாத்தா முடிஞ்சிச்சிலா! நான் பேசறேன், நீங்க பக்கத்துல நின்னா போதும்."

நிற்பது மட்டும்தான் என்றதும் ஒப்புக்கொண்டேன். எங்கள் சட்டமன்ற உறுப்பினரைத்தான் ஒய்.பி. என்போம். கோயில் கூரையிலிருந்து கல்லூரி இடம் வரை எதற்கும் முதலில் அவரிடம்தான் போவோம். மாலை வாங்கிக்கொண்டு போனோம்.

"மால போடறப்பயாவது சிரிங்கண்ணே, சாவு வீட்டுக்கு வந்த மாதிரி நிக்காதீங்க!" என்று நண்பர் காதோடு சொன்னார்.

ஒய்.பி. நல்ல மனிதர். தோளைத் தட்டி, ஆதரவுக் கடிதம் ஒன்று கொடுத்தார். அதை அலுவலகத்தில் சேர்த்தேன். அப்பீல் முடிந்தது என்று நம்பி, நின்ற வேனைக் கழுவித் துடைத்துக் காத்திருந்தேன். மாதங்கள் போயின. பதில் இல்லை.

மனைவி பொறுக்காமல் புக்கிட் பெருவாங்கில் ஒரு வக்கீலம்மாவிடம் அழைத்துப்போனாள். சின்னப் பெண். கோர்ட்டில் வழக்கு போடவேண்டும் என்றோம்.

"அப்பீல் போட்டீங்களா அங்கிள்?"

"ஒய்.பி. லெட்டர் குடுத்தாரும்மா."

நகலைப் படித்துவிட்டு மெதுவாக மேசைமேல் வைத்தார்.

"இது சிபாரிசு அங்கிள். அப்பீல நீங்கதான் போடணும், உங்க காரணத்த எழுதி. சட்டம் குடுத்த அந்த வழிய விட்டுட்டு வந்தா, ஏன் அங்க போகலன்னுதான் கோர்ட்டுல முதல்ல கேப்பாங்க. டைமும் முடிஞ்சிருச்சு. சரி, அன்னைக்கு ஏன் கூட ஏத்துனீங்க?"

அதுவரை யாரும் என்னிடம் அதைக் கேட்டதில்லை. செம்பனைக் காட்டு நடுவில் வேறொரு வேன் பழுதாகி நின்றது, நல்ல மழை, அந்தப் பிள்ளைகளையும் ஏற்றிக்கொண்டேன் என்றேன்.

"இதத்தான் எழுதியிருக்கணும்," என்றார்.

தாமதத்தைப் பொறுத்துக்கொள்ளக் கேட்டு அப்பீலை அவரே எழுதி அனுப்பினார். காலம் கடந்ததால் ஏற்க முடியாது என்று பதில் வந்தது. ஒரு மத்தியானம் போனில் அழைத்தார்.

"இப்ப கோர்ட்டுக்குப் போலாம் அங்கிள். ஆனா லேட்டுன்னு அவங்க தள்ளினது சரியா தப்பான்னு மட்டும்தான் பேசலாம். மழை, பிள்ளைங்க கதையெல்லாம் அங்க எடுக்க முடியாது. ஜெயிச்சாலும் அப்பீலுதான் மறுபடி ஆரம்பிக்கும்."

யோசித்துச் சொல்கிறேன் என்று வைத்தேன். மனைவி அடுப்பைத் தணித்துவிட்டு வந்து நின்றாள்.

"என்னங்க சொல்லுது அந்தப் புள்ள?"

"கோர்ட்டுக்குப் போலாமாம்."

"அப்பாடா!" என்று நெஞ்சில் கை வைத்தாள். மீதியை நான் இன்னும் அவளிடம் சொல்லவில்லை.