சிம்னிக்குள் மாட்டிய எலியும் ஜரினாக்காவும்

ஜரினாக்கா இறந்துவிட்டார். நேற்று விடிகாலையில் நெஞ்சுவலி... ஆஸ்பத்திரிக்குப் போகிற வழியிலேயே முடிந்துவிட்டதாம்.

புதுவாயல் ஜங்ஷனில் ஸ்டேஷனரி கடை வைத்திருந்தவர். நோட்டு, பேனா, ஜெராக்ஸ், ஸ்கூல் ப்ராஜெக்டுக்குச் சார்ட், தெர்மாகோல். ஒரு பக்கம் முழுக்கக் குழந்தைகள் புத்தகங்கள். நான் எழுதுகிற அறிவியல் புத்தகங்களும் அங்கேதான் இருக்கும்.

போன வாரம்கூடப் பேசினோமே. நல்லாத்தானே இருந்தீங்க அக்கா... ச்சே.

அந்தப் பக்கம் தெரியாதவர்களுக்காகச் சொல்கிறேன். கும்மிடிப்பூண்டி கம்பெனிகளில் வேலை பார்க்கும் அம்மாக்கள் பஸ்ஸில் வந்து இறங்க இருட்டிவிடும். பிள்ளைகளுக்கோ நாலு மணிக்கே ஸ்கூல் விட்டுவிடும். ஜங்ஷனில் காத்திருந்து அம்மாவோடுதான் வீட்டுக்குப் போக வேண்டும். பக்கத்திலேயே கொல்கத்தா ஹைவே, வரிசையாகக் கன்டெய்னர் லாரிகள். சும்மா நில் என்றால் நிற்குமா அந்த வாண்டுங்க?

ஜரினாக்கா எல்லாவற்றையும் கடைக்குள் இழுத்து உட்காரவைத்துப் புத்தகம் படித்துக் காட்டுவார். யாரும் அவரைக் கேட்டுக்கொள்ளவில்லை. அவராகத்தான்.

ஒருமுறை ஒரு அப்பா வந்து, கதை கிதையெல்லாம் வேண்டாம், பொது அறிவுப் புத்தகம் கொடுங்கள் என்று கறாராகக் கேட்டார். அக்கா அதை எடுத்துக் கொடுத்துவிட்டு, பையன் கையில் ஒரு கதைப் புத்தகத்தையும் திணித்தார். "நைனா, இத்த படிச்சிட்டு பத்திரமா கொண்டாந்து குடுத்துடணும், இன்னா?" திருப்பிக் கொடுக்க வந்தது அந்த அப்பாதான். வந்தவர் நின்றபடியே இன்னொன்றைப் புரட்டிக்கொண்டிருந்தார்.

என் கதைக்கு வருகிறேன். கரண்ட் எப்படி நம் வீட்டுக்கு வருகிறது என்று ஒரு புத்தகம் எழுதினேன். அத்திப்பட்டுப் பக்கம் அலைந்து, மின் நிலையத்தில் வேலை பார்ப்பவர்களிடம் கேட்டுக் கேட்டு... ஒரு தப்புகூட இருக்கக்கூடாது என்று வெறி. முதல் காப்பியைப் பெருமையாக ஜரினாக்காவிடம்தான் கொடுத்தேன்.

கொஞ்ச நாளில் பதிப்பாளரிடமிருந்து போன். "மேடம், பைண்டிங்ல சில பக்கம் விட்டுப்போச்சு போல. புதுவாயல் பக்கம் ஒரு ஸ்கூல்லருந்து டீச்சர் கூப்பிட்டு, எலி வர்ற பக்கம் எங்க காப்பில இல்லன்னு பசங்க அழுவுறாங்கன்றாங்க. எந்த எலி மேடம்?"

எலியா? என் புத்தகத்தில் எலியே கிடையாது!

நேராகக் கடைக்குப் போய்க் கேட்டேன். அக்கா அசரவே இல்லை.

"நான்தான் உட்டேன். கரி கப்பல்ல வருது, பெல்ட்டுல போவுதுன்னு நீ பாட்டுக்கு எய்திக்கினே போற. அந்த எடம் வந்தா ஒண்ணு தண்ணி குடிக்க எய்ந்து போவுது, ஒண்ணு ரோட்டையே பாத்துக்கினு கீது. அதான் பெல்ட்டு மேல ஒரு எலிய ஏத்தி உட்டேன். பேரு பேஜாரு."

"பேஜாரா? ஏன்க்கா?"

"உன் புக்கு அவ்ளோ பேஜாரா இருந்துச்சும்மா."

வந்த கோபத்துக்கு அப்படியே கிளம்பியிருப்பேன். ஆனால் உள்ளே வாண்டுகள் "அப்பறம் ஆன்ட்டி, அப்பறம்?" என்று கத்திக்கொண்டிருந்தன. நானும் ஓரமாக உட்கார்ந்துவிட்டேன். பேஜாரு பாய்லர் சூடு தாங்காமல் ஓடியது, டர்பைன் சுற்றுவதைப் பார்த்துத் தலை சுற்றி விழுந்தது. பாவி மனுஷி, நான் எழுதின எதையும் விடவில்லை... எல்லாவற்றையும் எலி வாயால் சொல்லவைத்தார். சிரித்துச் சிரித்து எனக்கு வயிறு வலித்தது.

அடுத்த பதிப்பில் எலியைச் சேர்க்கட்டுமா, உங்கள் பெயரையும் போடுகிறேன் என்றேன்.

"அல்லா, அந்த வேலையே வாணாம்! புக்குல வந்துச்சுன்னா கடசி பக்கத்தப் பொரட்டிப் பாத்துட்டு எய்ந்து போயிடும்ங்க. எலி எங்கியாச்சும் மாட்டிக்கினு இருந்தாத்தான் இதுங்க குந்தும். அம்மாக்காரி வர்ற வரைக்கும் ஒண்ணும் ரோட்டாண்ட போவக்கூடாது. எனக்கு அவ்ளோதான்."

அதனால் தினமும் பஸ் வரும் நேரம் எலி எங்காவது வசமாக மாட்டும். மீதி நாளைக்கு.

நேற்று பழவேற்காட்டில் அடக்கம். அங்கே அவர் தம்பி வீட்டில் பெண்களோடு உட்கார்ந்து அழுதுவிட்டு வந்தேன்.

இன்று சாயங்காலம் வேலை முடிந்து ஜங்ஷனில் இறங்கினால்... கடை ஷட்டர் மூடியிருக்கிறது. யூனிஃபார்மோடு பிள்ளைகள் ரோட்டோரம் நிற்கின்றன. ஒருவன் கல்லை உதைத்துக்கொண்டே நடு ரோடு வரைக்கும் போகிறான். லாரிக்காரர் விடாமல் ஹாரன் அடிக்கிறார்.

கத்திக் கூப்பிட்டு எல்லோரையும் ஷட்டர் முன்னாடி படியில் உட்காரவைத்தேன். பையிலிருந்த என் புத்தகத்தை எடுத்துப் படித்தேன். ரெண்டாவது பக்கத்திலேயே ஒருத்தி எழுந்துவிட்டாள்.

மூடி வைத்தேன். "பேஜாரு இப்ப எங்க இருக்கு?"

"சிம்னிக்குள்ள!" எல்லாம் ஒரே குரலில்.

எனக்குத் தெரிந்த மாதிரி சொல்ல ஆரம்பித்தேன். எழுந்தவள் முறைத்தாள். "ஆன்ட்டி இப்டி சொல்ல மாட்டாங்க. எலின்னா மூக்கால பேசணும்."

பேசினேன். அழுகை வேறு முட்டிக்கொண்டு வந்ததா, மூக்கால் பேசுவது ஒன்றும் கஷ்டமாக இல்லை. டீக்கடையில் நின்றவர்கள் எல்லாம் திரும்பிப் பார்த்தார்கள். பார்க்கட்டும். அவள் மறுபடி உட்கார்ந்துவிட்டாள்.

பஸ் வந்தது. கடைசிப் பிள்ளையும் அம்மா கையைப் பிடித்துக்கொண்டு போன பிறகுதான் கிளம்பினேன் அக்கா. ஒண்ணும் ரோட்டுப் பக்கம் போகவில்லை.

நிம்மதியாத் தூங்குங்க ஜரினாக்கா. எலியை நான் இன்னும் வெளியே விடல.