பங்கு பிரிக்குமுன் ஒரு மீன்

ஹலினாவுக்கு ஐம்பத்து மூன்று வயது. போலந்தின் வடகரையில் ஒரு துறைமுக ஊரில் பிறந்தவர். நூலகத்தில் புத்தகம் அடுக்கும் வேலை பார்த்தபடியே சிறுவர் கதை எழுதத் தொடங்கினார். முதல் கதையை மூன்று பதிப்பகங்கள் திருப்பி அனுப்பின, நான்காவது அச்சிட்டது. பிறகு பத்துப் புத்தகங்கள், படங்களும் அவரே. விடுமுறைக்கு நிலாவெளிக் கடற்கரைக்கு வந்தவர், சுற்றுலாப் படகு ஓட்டும் சிவரூபனைக் கலியாணம் செய்து அங்கேயே தங்கிவிட்டார். எட்டு வருடமாகிறது. இப்போது பன்னிரண்டாவது புத்தகம், தமிழில் முதலாவது.

அந்தச் சனிக்கிழமை நாலு மணிக்குள் அது திருகோணமலை அச்சகத்துக்குப் போயாக வேண்டும். தவறினால் அவர்கள் பாடசாலைப் பிள்ளைகள் எழுதும் கொப்பிகளை அச்சிடத் தொடங்கிவிடுவார்கள். பிறகு மூன்று மாதம் காத்திருக்க வேண்டும்.

பிள்ளைகளுக்கு வாசித்துக் காட்டாமல் எந்தக் கதையையும் அவர் அச்சுக்குக் கொடுத்ததில்லை. எந்த வரியில் அவர்கள் காலால் மணலைக் கிளறத் தொடங்குகிறார்களோ, அந்த வரியை வெட்டிவிடுவார்.

காலை பத்து மணி. கடற்கரையில் பன்னிரண்டு பிள்ளைகள். கதையில் சின்னி என்ற சிறுமி, பலர் சேர்ந்து கயிறு பிடித்துக் கரைக்கு இழுத்த கரைவலையில் துடிக்கும் நீல மீனைத் தூக்கிக் கடலில் விட்டுக் காப்பாற்றுகிறாள். வாசித்து முடித்த ஹலினா கைதட்டலுக்குக் காத்திருந்தார்.

“சின்னி கள்ளி,” என்றாள் லக்சனா.

“ஏன் பிள்ளை?”

“வலை இழுத்த ஆக்களுக்கு இன்னும் பங்கு பிரிக்கேல்லை. அது எல்லாற்ற மீன். அவ எப்பிடி எடுக்கலாம்?”

எட்டு வருடமாக ஹலினா கரைவலையைப் பார்க்கிறார், வரைகிறார். பங்கு பிரிக்கும் வரை ஒருவரும் மீனில் கைவைப்பதில்லை என்பதைக் கவனிக்கவேயில்லை.

“அப்ப சின்னியும் கயிறு இழுக்கட்டும். தன்ர பங்கில ஒண்டை விடட்டும். சரிதானே?”

“பங்கு பிரிக்கிற நேரம் மீன் செத்திடும் அன்ரி,” என்றாள் அசனா. “செத்த மீனைக் கடலில விட்டா காகந்தான் சிரிக்கும்.”

பிள்ளைகள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். லக்சனா மட்டும் எழுந்து நின்றாள். “வலைக்குச் சொந்தக்காரச் சம்மாட்டியிட்டக் கேக்க வேணும். என்ர பங்கில ஒண்டை இப்பவே தாங்கோ எண்டு.”

“அவர் ஏசுவார்,” என்றாள் அசனா.

“ஏசட்டும். கேட்டாத்தானே தெரியும்.”

ஹலினா வீட்டுக்கு ஓடிக் கதையின் முடிவை மாற்றி எழுதினார், புதிதாக வரைந்தார். கயிறு இழுக்கும் சின்னி, சம்மாட்டி முன்னால் சின்னி, சம்மாட்டியின் பதில். மூன்று படங்கள். மூன்றே கால் ஆகியும் வர்ணம் ஈரமாகவே இருந்தது. சிவரூபன் மோட்டார்சைக்கிளை உதைத்துக் கிளப்பினார்.

“ஏறுமப்பா, காத்தில காயும்.”

கரையோர வீதி நெடுக ஹலினா படங்களை விரித்துப் பிடித்திருந்தார். பஸ்ஸில் போனவர்கள் தலையை வெளியே நீட்டிப் பார்த்தார்கள்.

நாலு மணிக்கு எட்டு நிமிடம் இருந்தது. அச்சக முதலாளி இராகுலன் வாசலில் நின்றபடியே பக்கங்களை வாங்கி வாசித்தார். சம்மாட்டியின் முன்னால் சின்னி கையை நீட்டி நிற்கும் இடத்தில் அவர் கண் நின்றது. உள்ளே கொப்பித் தாளை மெஷினில் ஏற்றப் போனவரைக் கையசைத்து நிறுத்தினார்.

“சம்மாட்டி மீனைக் குடுத்தவரோ?”

“பக்கத்தைப் பிரட்டுங்கோ,” என்றார் ஹலினா.